ஒன்றுக்கு ஐந்நூறு

கிண்டி தொழிற்பேட்டையின் பின்தெருவில்
கடல் ஊற்றுவது என் வேலை.
இரண்டு பங்கு ரெசின், ஒரு பங்கு ஹார்டனர்,
நீலம் மூன்று சொட்டு.
நாலாவது சொட்டு விழுந்தால் ஆழமாகிவிடும்;
ஆழம் அதிகாரிகளுக்குப் பிடிப்பதில்லை.
ஒரு நாள் முழுக்க மின்விசிறி போடக்கூடாது.
தூசி விழுந்தால்
அந்த அளவில் அது தீவு.

முகத்துவாரக்குப்பம் மறுமேம்பாட்டுத் திட்டம், கட்டம் ஒன்று.
அளவு: ஒன்றுக்கு ஐந்நூறு.
ஆள் உயரம் அரை அரிசி.
பதினாலு மாடியில் கட்டடம் பதினொன்று,
சைக்கிள் பாதை, பஞ்சு மரங்கள்.
பாக்கெட்டில் வரும் மனிதர்கள்
எல்லோரும் கோட்டு போட்டிருந்தார்கள்.
ஒவ்வொருவருக்கும் ஊசிமுனையால்
கொஞ்சம் பழுப்பு தொட்டு வைத்தேன்.

கணக்கெடுப்புத் தாளில் படகு இருநூற்றுப் பன்னிரண்டு.
தாளில் இருப்பதைச் செய்கிறவன் நான்.
பல்குச்சி சீவி, மூன்று ராத்திரி,
அத்தனையும் செய்து ஒட்டினேன்.
திட்டப் பிரிவிலிருந்து வந்தவர் குனிந்து பார்த்தார்.
"நாலு போதும். அழகுக்கு."

கருத்துக்கேட்பு அன்று மைக் வேலை செய்யவில்லை.
அதனால் எல்லோரும் மேஜையைச் சூழ்ந்துகொண்டார்கள்.
தேசம்மா என்று யாரோ கூப்பிட்ட பெண்
மீன் அரிந்த கையைப் புடவையில் துடைத்துவிட்டு
என் கடல்மேல் விரலை வைத்தாள்.
"காஞ்சி பூட்ச்சே" என்றாள்.
யாரும் சிரிக்கவில்லை.

கலியன் ஒன்பதாவது மாடியை எண்ணிக்கொண்டிருந்தார்.
"எஞ்சினு நாப்பது கிலோ சார்.
ராவுல கரையில வுட்டா காணாப் பூடும்.
மேல எங்க வெக்கிறது, எப்டி ஏத்துறது?"
எழுதிக்கொண்டிருந்தவர் எழுதினார்:
வாகன நிறுத்துமிடம் கோருகின்றனர்.
"நீதான செஞ்சே, நீ சொல்லுபா."
நான் லிஃப்ட்டுக்குக் கதவே வெட்டியிருக்கவில்லை.
இந்த அளவில் தெரியாது என்று விட்டிருந்தேன்.

ரெண்டு வருஷம் வெளியே இருங்கள், சாவி உங்கள் கையில்
என்று சொல்லப்பட்டது.
வெளியே என்றால் பெரும்பாக்கம்.
எவ்வளவு தூரம் என்று கேட்டார்கள்.
எனக்கு எல்லாவற்றையும் ஐந்நூறால் வகுக்கிற பழக்கம்:
முப்பது கிலோமீட்டர், அறுபது மீட்டர்.
அதாவது மேஜையை விட்டு இறங்கி,
கூடத்தை விட்டு வெளியேறி,
டீக்கடையைத் தாண்டி,
மின்வாரியக் கம்பத்தடியில்.
மாதிரியில் அந்த இடம் இல்லை.

திருத்தத்துக்காகத் திரும்பி வந்தது.
விளக்கைக் கிட்டே இழுத்துப் பார்த்தால்
நடைபாதையெங்கும் மணல்.
முந்தானையில் வந்ததோ, பிள்ளைகள் கையில் வந்ததோ.
துகள் ஒரு மில்லிமீட்டர்.
என் அளவில் அரை மீட்டர்ப் பாறை.
அரிப்பைத் தடுக்க லாரி லாரியாகக் கொட்டுவார்களே,
அப்படி வழியை மறித்துக் கிடந்தது.
பிரஷ்ஷால் தள்ளினேன். பாதி போயிற்று.
மீதி பசையோரம் பிடித்துக்கொண்டு வரவில்லை.
படகுகள் சுலபமாக வந்துவிட்டன.

பில் எழுதினேன்.
கட்டடம் பதினொன்று.
மரம் முந்நூற்று நாற்பது.
கடல் ஒன்று.
படகு நீக்கியது இருநூற்றெட்டு,
இதை எந்தத் தலைப்பில் போட என்று கேட்டேன்.
கணக்குப் பிரிவு அம்மா நிமிராமல் சொன்னார்:
"இதர."

இப்போது அது நாலாவது மாடி வரவேற்பறையில்
கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறது,
மேற்கு ஜன்னலுக்கு நேர் எதிரே.
சாயங்கால வெயில் முழுசாக விழுகிறது.
வெயில் பட்டால் ரெசின் மஞ்சளாகும்.
யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.
இரண்டாம் தவணைக்காகப் போகும்போதெல்லாம் பார்க்கிறேன்:
கரைக்குச் சற்றுத் தள்ளி
தேசம்மா தொட்ட இடத்தில் ஒரு மங்கல்,
கட்டைவிரல் அகலம்,
என் அளவில் பத்து மீட்டர்.
ஒரு படகு நிற்கப் போதும்.
துடைத்தால் போய்விடும்.
பெட்டிச் சாவி யாரிடம் என்று
அங்கே ஒருவருக்கும் தெரியவில்லை.